ஒரே தலைப்பில் இத்தனை புத்தகங்கள் ஏன்?

2013-ஆம் ஆண்டின் வசந்த காலத்தில், சில நாள் இடைவெளியில், அமெரிக்காவில் இரண்டு நாவல்கள் வெளியாயின. இரண்டுக்கும் தலைப்பு 'லைஃப் ஆஃப்டர் லைஃப்'. ஒன்றை எழுதியவர் ஜில் மெக்கார்க்கிள். முதியோர் இல்லம் ஒன்றில் கடைசிக் காலத்தைக் கழிப்பவர்களையும் அவர்களைச் சுற்றியிருப்பவர்களையும் பற்றிய கதை அது. இன்னொன்று கேட் அட்கின்சன் எழுதியது. 1910-இல் பனி கொட்டும் ஓர் இரவில் பிறக்கும் உர்சுலா என்ற பெண், இறந்து இறந்து மறுபடி அதே இரவில் பிறக்கிறாள். ஒவ்வொரு முறையும் சற்றே வேறு வாழ்க்கை வாழ்கிறாள். இவற்றுக்கு 38 ஆண்டுகள் முன்பே, 1975-இல், ரேமண்ட் மூடி இதே தலைப்பில் ஒரு புத்தகம் எழுதியிருந்தார். அது கதையே அல்ல. இறந்துவிட்டார்கள் என்று கருதப்பட்டுப் பிழைத்து வந்தவர்கள் சொன்ன அனுபவங்களின் தொகுப்பு. மரண விளிம்பு அனுபவம் என்று இன்று பரவலாகப் பேசப்படுவதற்கு வழிவகுத்ததே அந்தப் புத்தகம்தான்.

மூன்றும் ஒரே மூன்று சொற்களைத் தலையில் தாங்கி நிற்கின்றன. மூடிக்கு அது மரணத்துக்குப் பின் என்ன என்ற கேள்வி. அட்கின்சனுக்கு அது ஒன்றன்பின் ஒன்றாக வரும் பிறவிகள். மெக்கார்க்கிளுக்கு, வேலை, குடும்பம், பொறுப்பு எல்லாம் ஓய்ந்த பிறகும் மிச்சமிருக்கும் வாழ்க்கை. தலைப்பை மட்டும் கேட்டு எந்தப் புத்தகம் என்று யாராலும் சொல்ல முடியாது.

இப்படி ஒரே பெயரில் பல புத்தகங்கள் இருப்பதை நாம் வெறும் குழப்பமாகவே பார்க்கிறோம். இணையத்தில் தேடினால் வேறு புத்தகம் வந்து நிற்கிறது என்ற எரிச்சலோடு விட்டுவிடுகிறோம். ஆனால் ஒரே பெயரைச் சுமக்கும் புத்தகங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால், பல சமயம் அதற்குள் ஒரு வரலாறு இருக்கிறது. ஒருவர் இன்னொருவரிடமிருந்து பெயரைக் கேட்டு வாங்கியிருப்பார், அல்லது பிடுங்கியிருப்பார், அல்லது மொழிபெயர்ப்பாளர் ஒருவர் அறியாமலே இரண்டு புத்தகங்களை உறவினர்களாக்கியிருப்பார். எது தற்செயல், எது திட்டம் என்று பிரித்துப் பார்க்கத் தெரிந்துகொண்டால், நாம் வழக்கமாகப் போகாத வகைகளுக்குள் போக ஒரு வாசல் கிடைக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

முதலில் எல்லோருக்கும் எழும் கேள்வி: இதைச் சட்டம் எப்படி அனுமதிக்கிறது?

பெரும்பாலான நாடுகளில் புத்தகத்தின் உள்ளடக்கத்துக்குத்தான் பதிப்புரிமை, தலைப்புக்கு இல்லை. பெயர்கள், தலைப்புகள், சின்னச் சின்னச் சொற்றொடர்கள் ஆகியவற்றைப் பதிவு செய்ய முடியாது என்று அமெரிக்கப் பதிப்புரிமை விதிகள் வெளிப்படையாகவே சொல்கின்றன. இந்தியாவில் ஓர் இந்திப் படத்தின் தலைப்பு குறித்த வழக்கில், தலைப்பு தனியாக ஒரு படைப்பு ஆகாது, எனவே அதற்குப் பதிப்புரிமை கிடையாது என்று உச்ச நீதிமன்றம் 2015-இல் தீர்ப்பளித்தது. காரணம் எளிது. இரண்டு மூன்று சொற்களில் ஒருவருடைய தனிப்பட்ட படைப்பாற்றல் இவ்வளவு என்று அளந்து காட்ட முடியாது. 'அம்மா', 'வீடு', 'பயணம்' போன்ற சொற்களை முதலில் எழுதியவருக்கே சொந்தம் என்று கொடுத்துவிட்டால் பின்னால் வருகிறவர்களுக்கு மொழியே மிஞ்சாது.

வணிகமுத்திரை என்ற இன்னொரு வழி உண்டே என்று கேட்கலாம். அங்கேயும் அமெரிக்காவில் தனி ஒரு புத்தகத்தின் தலைப்பைப் பதிவு செய்ய விடமாட்டார்கள். ஒரு வரிசையின் பெயர் என்றால் முடியும். மஞ்சளும் கறுப்புமாக வரும் 'ஃபார் டம்மீஸ்' வரிசையின் பெயர் அப்படிப் பதிவானதுதான். ஜெர்மனி இதற்கு நேர்மாறு. அங்கே வணிகமுத்திரைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவே படைப்பின் தலைப்புக்குப் பாதுகாப்பு தருகிறது. புத்தகம் வருவதற்கு முன்பே 'இந்தத் தலைப்பை நாங்கள் பயன்படுத்தப் போகிறோம்' என்று துறை இதழில் அறிவிப்புக் கொடுத்து இடம்பிடித்து வைப்பதும் அங்கே வழக்கம்.

எனக்கு மிகவும் பிடித்தது பிரெஞ்சுச் சட்டம். ஒரு தலைப்பு தனித்தன்மை உடையதாக இருந்தால் படைப்பைப் போலவே அதையும் பாதுகாக்கிறது. படைப்பின் உரிமைக்காலம் முடிந்த பிறகும், குழப்பம் உண்டாகும் வகையில், 'அதே வகையைச் சேர்ந்த' வேறொரு படைப்புக்கு அந்தப் பெயரை வைக்கக்கூடாது என்கிறது. அந்த 'அதே வகை' என்ற நிபந்தனையைக் கவனியுங்கள். நாவலின் பெயரை இன்னொரு நாவலுக்கு வைத்தால் வாசகர் ஏமாறக்கூடும். திமிங்கலங்களைப் பற்றிய அறிவியல் நூலுக்கு வைத்தால் ஏமாற வாய்ப்பு குறைவு. பெயர் ஒன்றாக இருந்தாலும் வகை வேறானால் அது வேறு பொருள் என்பதைச் சட்டமே ஒப்புக்கொண்டிருக்கிறது.

சரி, பெயர் ஒன்று, வகை வேறு என்பதற்கு வரலாற்றில் ஆகப் பெரிய உதாரணத்துக்குப் போவோம்.

நிக்கோலாய் செர்னிஷெவ்ஸ்கி ரஷ்யப் பத்திரிகையாளர், விமர்சகர். 1862-இல் கைது செய்யப்பட்டு பீட்டர்ஸ்பர்க்கில் பீட்டர்-பால் கோட்டைச் சிறையில் அடைக்கப்பட்டார். அங்கே இருந்தபடி ஒரு நாவல் எழுதினார். அதன் பெயர் 'என்ன செய்ய வேண்டும்?'. 1863-இல் 'சவ்ரெமென்னிக்' இதழில் வெளியானது. சிறைக்குள்ளிருந்து அரசின் கண் முன்னாலேயே இப்படி ஒரு நாவல் வெளியே வந்து அச்சானது என்பதே பெரிய அதிசயம்தான். வேரா பாவ்லோவ்னா என்ற இளம்பெண் வீட்டின் பிடியிலிருந்து வெளியேறி, தையல் வேலை செய்யும் பெண்களுக்காகக் கூட்டுறவு முறையில் ஒரு பட்டறை தொடங்குவதுதான் கதை. இடையில் ரஹ்மேத்தவ் என்று ஒருவன் வருகிறான். புரட்சிக்காகத் தன்னைத் தயார்படுத்திக்கொள்ள ஆணிகள் மேல் படுத்து உறங்குபவன். கலை என்ற அளவில் நாவலில் குறைகள் நிறைய உண்டு. உரையாடல்கள் சொற்பொழிவாக மாறிவிடும். ஆனாலும் ஒரு தலைமுறை இளைஞர்கள் அதை வாழ்க்கைக்கான கையேடாகவே படித்தார்கள்.

அப்புறம் டால்ஸ்டாய். 1882-இல் மாஸ்கோ மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் தாமே பங்கேற்று ஏழைகள் வாழும் குடியிருப்புகளுக்குள் போனவர், கண்ட காட்சிகளால் நிலைகுலைந்து ஒரு நூல் எழுதினார், 1886-இல் முடித்தார். அதன் தலைப்பு, 'அப்படியானால் நாம் என்னதான் செய்ய வேண்டும்?' என்ற பொருளில் வருவது. அவர் அந்தக் கேள்வியைச் செர்னிஷெவ்ஸ்கியிடமிருந்து எடுக்கவில்லை. லூக்கா நற்செய்தியில் மக்கள் யோவானிடம் கேட்கும் கேள்வி அது. ஆனால் ரஷ்ய வாசகர் காதில் நாவலின் பெயர் கேட்காமல் இருந்திருக்க முடியாது. செர்னிஷெவ்ஸ்கி காட்டிய வழி சமூகத்தைப் புதிதாகக் கட்டுவது. டால்ஸ்டாய் சொன்ன வழி, அடுத்தவர் உழைப்பின் மேல் உட்கார்ந்திருக்கும் நான் முதலில் இறங்கிக்கொள்ள வேண்டும் என்பது.

1902-இல் லெனின் அதே கேள்வியை எடுத்தார். இவர் எடுத்தது செர்னிஷெவ்ஸ்கியிடமிருந்துதான், மறைக்கவும் இல்லை. 1887-இல் அண்ணன் அலெக்சாண்டர் தூக்கிலிடப்பட்ட பிறகு லெனின் அந்த நாவலை ஆழ்ந்து படித்தார். பதினைந்து ஆண்டுகள் கழித்து, முழுநேரப் புரட்சியாளர்களைக் கொண்ட கட்டுக்கோப்பான கட்சி வேண்டும் என்று வாதாடும் நூலுக்கு அந்தப் பெயரையே சூட்டினார். ஸ்டுட்கார்ட்டில் அச்சான அந்த நூலில் கதை இல்லை, வேரா இல்லை, தையல் பட்டறையும் இல்லை. பக்கத்துக்குப் பக்கம் மாற்றுக் கருத்துக்காரர்களோடு தர்க்கம். ஆனால் ரஹ்மேத்தவின் நிழல் அதில் விழுந்திருக்கிறது. ஒரு நாவலின் கற்பனைப் பாத்திரம் நாற்பது ஆண்டுகளில் ஓர் அரசியல் கட்சியின் உறுப்பினருக்கான இலக்கணமாக மாறியது எப்படி என்று அறிய, இந்த இரண்டு புத்தகங்களையும் அடுத்தடுத்துப் படிப்பதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. தலைப்பு ஒன்றாக இருப்பது இங்கே தற்செயல் அல்ல. அந்தத் தலைப்பைக் கேட்டவுடன் யாருடைய வாரிசாக லெனின் தன்னை அறிவித்துக்கொள்கிறார் என்பது அவருடைய வாசகர்களுக்குப் புரிந்தது.

வாரிசு உரிமை கோருவது ஒரு வகை. ஒரே ஊற்றிலிருந்து தனித்தனியாகத் தண்ணீர் எடுப்பது இன்னொரு வகை. 'லெவையதன்' அப்படிப்பட்ட பெயர்.

அது விவிலியத்தின் யோபு நூலில் வரும் பெரும் கடல் விலங்கு. மனிதனால் அடக்க முடியாதது, அதற்கு நிகராக மண்ணில் எதுவும் இல்லை என்று அங்கே வருணிக்கப்படுகிறது. 1651-இல் தாமஸ் ஹாப்ஸ் தம் அரசியல் தத்துவ நூலுக்கு அந்தப் பெயரை வைத்தார். மனிதர்கள் தங்களுக்குள் ஒப்பந்தம் செய்துகொண்டு உருவாக்கும் அரசு என்ற செயற்கை மனிதன்தான் அவருடைய லெவையதன். புத்தகத்தின் முகப்புச் சித்திரத்தில் ஒரு மகுடம் தரித்த பேருருவம் மலைகளுக்குப் பின்னாலிருந்து எழுந்து நிற்கும். கூர்ந்து பார்த்தால் அதன் உடல் முழுவதும் சின்னச் சின்ன மனிதர்களால் ஆனது.

இதற்குப் பிறகு அந்தப் பெயர் இரண்டாகக் கிளைக்கிறது. கடல் விலங்கு என்ற பழைய பொருளைப் பிடித்துக்கொண்டவர்கள் ஒரு பக்கம். எரிக் ஜே டோலின் 2007-இல் அமெரிக்கத் திமிங்கல வேட்டையின் வரலாற்றை எழுதி 'லெவையதன்' என்று பெயரிட்டார். அடுத்த ஆண்டு ஃபிலிப் ஹோர் திமிங்கலங்கள் மீது தமக்கிருந்த தீராத ஈர்ப்பைப் பற்றி எழுதிய நூல் 'லெவையதன், அல்லது திமிங்கலம்'. அது பிரிட்டனில் புனைவல்லாத எழுத்துக்கான சாமுவேல் ஜான்சன் பரிசை 2009-இல் பெற்றது. ஸ்காட் வெஸ்டர்ஃபெல்ட் 2009-இல் இளையோருக்கு எழுதிய நாவலில், முதல் உலகப் போர் வேறொரு விதமாக நடக்கிறது. ஒரு தரப்பு எந்திரங்களோடும் மறு தரப்பு உருவாக்கப்பட்ட உயிரினங்களோடும் மோதுகின்றன. அதில் லெவையதன் என்பது திமிங்கலத்தை அடிப்படையாகக் கொண்டு வளர்க்கப்பட்ட, உயிருள்ள ஆகாயக் கப்பல்.

ஹாப்ஸின் பொருளைப் பிடித்துக்கொண்டவர்கள் இன்னொரு பக்கம். பால் ஆஸ்டரின் 1992 நாவலில் எழுத்தாளன் ஒருவன் எழுதுவதை விட்டுவிட்டு, அமெரிக்காவெங்கும் ஊர்களில் நிற்கும் சுதந்திர தேவி சிலையின் நகல்களை வெடிவைத்துத் தகர்க்கிறான். அவன் முடிக்காமல் விட்ட நாவலின் பெயர்தான் லெவையதன். அவனுடைய கதையைச் சொல்லும் நண்பன் தன் புத்தகத்துக்கு அதையே சூட்டுகிறான். அரசு, சுதந்திரம், தனிமனிதன் என்று ஹாப்ஸின் கேள்விகள் உள்ளே ஓடிக்கொண்டிருக்கின்றன.

எந்தப் பக்கமும் சேராமல் நிற்பது ஜோசஃப் ராத் ஜெர்மனில் எழுதிய குறுநாவல். ஒரு சின்ன ஊரில் வாழும் பவள வியாபாரி நிஸ்ஸென் பிட்செனிக், கடலின் அடியில் பவளங்களையெல்லாம் லெவையதன் காவல் காக்கிறது என்று நம்புகிறார். கடலையே பார்த்திராத அந்த மனிதரின் கடல் ஏக்கமும், போலிப் பவளம் வந்து அவர் வாழ்க்கையைக் கெடுப்பதும்தான் கதை. இந்தப் பெயரில் உள்ள புத்தகங்களில் எனக்கு மிக நெருக்கமானது இதுதான். ஹாப்ஸைத் தேடிப் போகிறவர்கள் இதைத் தவறுதலாக எடுத்துவந்தால் அது நல்ல தவறு.

நூலகத்தில் இவற்றை ஒன்றாகப் பார்க்க முடியாது. டியூயி தசம வகைப்பாட்டின்படி அரசு பற்றிய கோட்பாட்டுக்கு 320.1, திமிங்கலங்களுக்கு 599.5, திமிங்கல வேட்டைக்கு 639.28, அமெரிக்கப் புனைவுக்கு 813, ஜெர்மன் புனைவுக்கு 833. பெயரால் ஒன்றானவை பொருளால் பிரிந்து வெவ்வேறு அலமாரிகளுக்குப் போய்விடுகின்றன. தலைப்பு அகரவரிசைப் பட்டியலில் மட்டும்தான் எல்லாம் ஓரிடத்தில் கூடும்.

அந்த அகரவரிசையிலும் ஒரு நுணுக்கம் உண்டு. ஆங்கிலப் பட்டியல்களில் தலைப்பின் முதலில் வரும் 'தி', 'எ' போன்ற சுட்டுச் சொற்களை வரிசைப்படுத்தும்போது கணக்கில் எடுப்பதில்லை. எச்.ஜி. வெல்ஸின் 1897 அறிவியல் புனைகதை 'தி இன்விசிபிள் மேன்'. ரால்ஃப் எலிசனின் 1952 நாவல் வெறும் 'இன்விசிபிள் மேன்'. பட்டியலில் இரண்டும் அருகருகே வந்து நிற்கும். வெல்ஸின் நாயகன் வேதியியலால் கண்ணுக்குத் தெரியாமல் போகிறான். எலிசனின் கறுப்பின நாயகன் எலும்பும் சதையுமாக எதிரே நிற்கிறான். பார்க்கிறவர்கள்தான் அவனைப் பார்க்க மறுக்கிறார்கள். நான் திரைப்படத்தில் வரும் ஆவி போன்றவன் அல்ல என்று முகவுரையிலேயே அவன் சொல்லிவிடுகிறான். பழைய பெயரை வாசகர் மனத்தில் எழுப்பிவிட்டு, அங்கேயே அதைத் திருப்பிப்போடுகிறார் எலிசன். அந்த நாவலுக்கு 1953-இல் அமெரிக்கத் தேசியப் புத்தக விருது கிடைத்தது.

முன்னோடியின் பெயரை வெளிப்படையாகவே எடுத்துக்கொண்டு அதையே ஒரு திட்டமாகச் செய்பவர்களும் உண்டு. எலிஃப் பட்டுமன் 2010-இல் ரஷ்ய இலக்கியம் பற்றிய கட்டுரைத் தொகுப்புக்கு, தாஸ்தயேவ்ஸ்கி நாவலின் ஆங்கிலப் பெயரான 'தி பொசெஸ்ட்' என்பதை வைத்தார். 2017-இல் தம் முதல் நாவலுக்கு 'தி இடியட்'. தமிழில் எம்.ஏ. சுசீலாவின் மொழிபெயர்ப்பில் 'அசடன்' என்று நாம் அறிந்திருக்கும் அதே பெயர். 2022-இல் அதன் தொடர்ச்சிக்கு 'ஐதர்/ஆர்', இது கீர்க்ககார்டின் 1843 தத்துவ நூலின் பெயர். கல்லூரிப் பெண் ஒருத்தியின் அன்றாடத்தைச் சொல்லும் இந்த நாவல்களில், எப்படி வாழ்வது என்ற கேள்விக்குப் புத்தகங்களில் விடை தேடுவதே மையம். அப்படிப் பார்த்தால் இந்தப் பெயர்கள் பொருத்தமே.

'கன்ஃபெஷன்ஸ்' என்ற பெயரும் நெடுந்தூரம் நடந்திருக்கிறது. கி.பி. 400-ஐ ஒட்டிப் புனித அகஸ்டின் கடவுளிடம் பேசினார். பதினெட்டாம் நூற்றாண்டில் ரூஸோ அதே பெயரில் மனிதர்களிடம் தன்னைத் திறந்து காட்டினார். 2008-இல் ஜப்பானிய எழுத்தாளர் கனாயே மினாட்டோவின் குற்றப் புனைவில், மகளை இழந்த பள்ளி ஆசிரியை வகுப்பறையில் மாணவர்கள் முன் நின்று பேசுகிறார். அவர் சொல்லச் சொல்ல அது பழிவாங்கல் என்று தெரிகிறது.

எந்த உறவும் இல்லாமல், மொழிபெயர்ப்பால் மட்டுமே ஒன்று சேர்ந்த பெயர்களும் ஏராளம். அல்பேர் கமுய் 1942-இல் பிரெஞ்சில் எழுதிய நாவல் ஸ்டூவர்ட் கில்பர்ட் மொழிபெயர்ப்பில் 1946-இல் ஆங்கிலத்துக்கு வந்தது. அமெரிக்காவில் அதற்கு 'தி ஸ்ட்ரேஞ்சர்' என்று பெயர். பிரிட்டனில் 'தி அவுட்சைடர்'. இதனால் என்ன ஆயிற்று என்றால், பிரிட்டிஷ் வாசகருக்கு மட்டும் ஒரு பெரிய கூட்டமே சேர்ந்தது. 1953-இல் ரிச்சர்ட் ரைட்டின் நாவல் 'தி அவுட்சைடர்'. 1956-இல் காலின் வில்சனின் 'தி அவுட்சைடர்', இது இலக்கிய-தத்துவ ஆய்வு. அதில் கமுய் நாவலின் நாயகனே ஆய்வுப் பொருள்களில் ஒருவன். 2018-இல் ஸ்டீவன் கிங்கின் 'தி அவுட்சைடர்', கொலை விசாரணையாகத் தொடங்கி அமானுஷ்யத்துக்குள் போகும் திகில் நாவல். அமெரிக்க வாசகரின் பட்டியலில் கமுய் இந்த வரிசையிலேயே வரமாட்டார். தமிழில் வெ. ஸ்ரீராம் பிரெஞ்சிலிருந்து நேரடியாக மொழிபெயர்த்தபோது 'அந்நியன்' என்று வைத்தார். அதனால் இங்கே அந்தப் பெயரைக் கேட்டால் பலருக்கு 2005-இல் வந்த திரைப்படம் நினைவுக்கு வருகிறது. மூன்று மொழிச் சூழலில் ஒரே நாவலுக்கு மூன்று விதமான அண்டை வீட்டுக்காரர்கள்.

தலைப்பு சின்னதாக, எல்லோருக்கும் பொதுவானதாக இருந்தால் மோதல் நிச்சயம். 'தாய்' என்று பொருள்படும் தலைப்பை மட்டும் பாருங்கள். மக்சிம் கார்க்கியின் நாவலைத் தமிழில் தொ.மு.சி. ரகுநாதன் தந்தார், மகனின் அரசியலால் தானும் விழித்தெழும் தொழிலாளித் தாய் அதில் வருகிறாள். இத்தாலியின் கிராசியா தெலெத்தா 1920-இல் எழுதிய தாய், காதலில் விழுந்துவிட்ட இளம் பாதிரியாரின் அம்மா. ஸ்ரீ அரவிந்தர் 1928-இல் வெளியிட்ட சிறு நூலில் தாய் என்பது மகேஸ்வரி, மகாகாளி, மகாலட்சுமி, மகாசரஸ்வதி என்று நான்கு வடிவில் இயங்கும் இறைசக்தி. 1934-இல் பேர்ல் பக் எழுதிய நாவலில் கணவன் கைவிட்டுப்போன சீன விவசாயப் பெண். அவளுக்குப் பெயர்கூடக் கிடையாது. 1938-இல் கரேல் சாப்பெக்கின் நாடகத்தில் கணவனையும் பிள்ளைகளையும் ஒவ்வொருவராகப் பலிகொடுத்த தாய், இறந்தவர்களோடு பேசிக்கொண்டிருக்கிறாள். மிஞ்சிய ஒரே மகனைப் போருக்கு அனுப்ப மறுத்தவள், கடைசியில் துப்பாக்கியை எடுத்துத் தானே அவன் கையில் தருகிறாள். ஒருவரும் மற்றவரைப் பார்த்து எழுதவில்லை. ஆனால் கார்க்கியையும் சாப்பெக்கையும் அடுத்தடுத்துப் படித்தால், மகனுக்கு எது நல்லது என்று ஒரு தாய் முடிவு செய்வதை இருவரும் எவ்வளவு வெவ்வேறு திசையிலிருந்து அணுகுகிறார்கள் என்பது பளிச்சென்று தெரியும்.

எல்லா மோதல்களும் இப்படிச் செழிப்பானவை அல்ல. சிலவற்றில் கிடைப்பது அலைச்சல் மட்டும்தான். எமிலி ஷூல்ட்ஸ் என்ற கனடிய எழுத்தாளர் 2006-இல் 'ஜாய்லேண்ட்' என்ற நாவலை வெளியிட்டார். 2013-இல் ஸ்டீவன் கிங்கும் 'ஜாய்லேண்ட்' எழுதினார். கிங் தம் புத்தகத்தை முதலில் அச்சில் மட்டுமே கொண்டுவர விரும்பினார்; மின்னூல் இல்லை. மின்னூல் தேடியவர்களுக்கு ஷூல்ட்ஸின் நாவல் கிடைத்தது, வாங்கினார்கள், படித்துவிட்டு இது கிங் மாதிரியே இல்லை என்று குறை எழுதினார்கள். ஷூல்ட்ஸுக்கு எதிர்பாராத பணம் வந்தது. கூடவே தன் புத்தகம் செய்யாத குற்றத்துக்குத் திட்டும் வந்தது.

இந்தக் குழப்பத்துக்கென்றே உலகம் ஒரு கருவியைச் செய்து வைத்திருக்கிறது. 1960-களில் பிரிட்டனில் ஒன்பது இலக்கமாகத் தொடங்கி, 1970-இல் உலகத் தரமாகி, 2007 முதல் 13 இலக்கமாக வளர்ந்த ஐஎஸ்பிஎன் எண், தலைப்பை நம்பாமல் ஒவ்வொரு பதிப்பையும் தனியாக அடையாளம் காட்டுகிறது. ஒரே நாவலின் கெட்டி அட்டைக்கு ஓர் எண், சாதா அட்டைக்கு வேறு எண். பெயரில் சந்தேகம் வந்தால் ஆசிரியர் பெயரையும் ஆண்டையும் பார்ப்பது வாசகர் பழக்கம். எண்ணைப் பார்ப்பது கடைக்காரர் பழக்கம். வாங்குவதற்கு முன் வாசகரும் அதைப் பார்த்துவிடுவது நல்லது.

ஆசிரியர் பெயரே ஒன்றாக இருந்தால்? 1899-இல் லண்டனிலிருந்து ஒரு வின்ஸ்டன் சர்ச்சில் அமெரிக்காவிலிருந்த இன்னொரு வின்ஸ்டன் சர்ச்சிலுக்குக் கடிதம் எழுதினார். அமெரிக்கருக்கு அதே ஆண்டு வெளிவந்த 'ரிச்சர்ட் கார்வெல்' என்ற வரலாற்று நாவல் பெரும்புகழ் தந்தது. லண்டன்காரர் 25 வயதுகூட நிறையாத இளைஞர். அவரும் 'சவ்ரோலா' என்று ஒரு நாவல் எழுதியிருந்தார். இருவர் எழுத்தும் ஒன்றோடொன்று குழம்பிவிடக் கூடாது என்பதால், இனித் தாம் 'வின்ஸ்டன் ஸ்பென்சர் சர்ச்சில்' என்று கையெழுத்திடுவதாகப் பிரிட்டிஷ் சர்ச்சில் அந்தக் கடிதத்தில் சொன்னார். பிறகு அமெரிக்கர் 1901-இல் 'தி கிரைசிஸ்' என்ற நாவலை எழுதினார். பிரிட்டிஷ்காரர் 1923 முதல் பல தொகுதிகளாக 'தி வேர்ல்ட் கிரைசிஸ்' என்று முதல் உலகப் போர் வரலாற்றை எழுதினார். இன்றைய நூலகப் பட்டியல் 1871–1947, 1874–1965 என்ற பிறப்பு-இறப்பு ஆண்டுகளால் இருவரையும் பிரித்து வைக்கிறது.

தமிழ் மரபு இந்தச் சிக்கலை வேறு விதமாகக் கையாண்டது. சிற்றிலக்கியங்களின் பெயர்களைப் பாருங்கள்: கலிங்கத்துப்பரணி, தக்கயாகப்பரணி, மீனாட்சியம்மை பிள்ளைத்தமிழ், முத்துக்குமாரசாமி பிள்ளைத்தமிழ். யாரைப் பற்றி, எந்த வகை என்ற இரண்டும் தலைப்பிலேயே இருக்கின்றன. வகையே பெயரின் ஒரு பகுதி. பரணி என்றதும் போர்க்களமும் பேய்களும் எதிர்பார்க்கலாம். இன்றைய தலைப்புகள் இந்தத் தகவலை மறைத்துவிட்டன. 'தண்ணீர்' என்றால் அசோகமித்திரன் நாவல், 'தண்ணீர் தண்ணீர்' என்றால் கோமல் சுவாமிநாதன் நாடகம் என்பது தெரிந்தவர்களுக்குத்தான் தெரியும்.

பெயரைத் தெரிந்தே பகிர்ந்துகொள்வதிலும் நம்மிடம் நல்ல முன்மாதிரி இருக்கிறது. ஔவையாரின் 'ஆத்திசூடி'யை எடுத்து பாரதி 'புதிய ஆத்திசூடி' எழுதினார். அதே அகரவரிசை, அதே ஒற்றை வரி அமைப்பு. ஔவை 'ஆறுவது சினம்' என்று சொன்ன வடிவத்துக்குள்ளேயே பாரதி 'ரௌத்திரம் பழகு' என்றார். பழைய பெயரை வைத்துக்கொண்டதால்தான் அந்த மறுப்பு உறைக்கிறது. பின்னால் பாரதிதாசனும் ஓர் 'ஆத்திசூடி' எழுதினார்.

அந்த ஔவையார் பெயரிலேயே இன்னொரு பெரிய முடிச்சு. சங்கப் பாடல்களில் அதியமானைப் பாடிய ஔவையார் ஒருவர். ஆத்திசூடி, கொன்றைவேந்தன், மூதுரை, நல்வழி என்ற நீதி நூல்கள் ஔவையார் பெயரில்தான் வழங்குகின்றன. விநாயகர் அகவல் ஔவையார் பாடியது. யோக நெறியைக் குறள் வெண்பாவில் சொல்லும் ஞானக்குறளும் ஔவையாருடையதே. அகம், புறம், நீதி, பக்தி, யோகம் என்று ஐந்து துறைகள், ஒரே ஆசிரியர் பெயர். மக்கள் வழக்கு இவரை ஒரே மூதாட்டியாக்கி, முருகனோடு நாவல் மரத்தடியில் பேச வைத்தது. ஆய்வாளர்கள் குறைந்தது இரண்டு மூன்று ஔவையார்கள் வெவ்வேறு காலங்களில் வாழ்ந்திருக்க வேண்டும் என்கிறார்கள்.

சர்ச்சில்களைப் பிரித்ததுபோல இவர்களைப் பிறப்பு ஆண்டால் பிரிக்க முடியாது, ஆண்டு கிடையாது. சொல்வழக்கு, யாப்பு, பாடலில் வரும் மன்னர்கள் யார், கடவுளர் யார் என்பவைதான் சான்று. ஆகவே ஔவையார் பாடல்கள் என்று ஒரு தொகுப்பைக் கையில் எடுத்தால், பதிப்பாசிரியர் முன்னுரையை முதலில் படித்துவிடுங்கள். எந்த ஔவையாரின் பாடல்களைச் சேர்த்திருக்கிறார், எல்லோரையும் ஒருவராகவே எண்ணித் தொகுத்தாரா என்பது அங்கே தெரிந்துவிடும்.